கமுகும் சிரட்டையும்: பேசாத ஜோடிக் கார்ட்டூன் ஒன்றைக் காகிதத்தில் எடுப்பது எப்படி

கன்னியாகுமரி மாவட்டத்தில் குலசேகரத்துக்குப் பக்கத்தில், ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே இருக்கிறது எங்கள் ஊர். இருபத்திரண்டு வருடம் கடைகளுக்குப் போர்டு எழுதியும் சுவர் விளம்பரம் வரைந்தும் பிழைத்தவன் நான். ஃபிளெக்ஸ் வந்தபிறகு அந்த வேலை குறைந்துவிட்டது. பிரஷைக் கீழே வைக்க மட்டும் மனம் வரவில்லை. ஆறு வருடமாக ஞாயிறு மத்தியானம் ஊர் வாசகசாலையில் பிள்ளைகளுக்குப் படம் வரையச் சொல்லிக்கொடுக்கிறேன். பிள்ளைகளும் நானுமாக இதுவரை நான்கு கார்ட்டூன் எடுத்திருக்கிறோம். ஒவ்வொன்றும் ஒரு நிமிடம்தான் ஓடும். வசனம் கிடையாது, ஆள் இரண்டே பேர். காகிதமும் பென்சிலும் ஒரு போனும் இருந்தால் இதை யார் வீட்டுத் திண்ணையிலும் செய்யலாம். நாங்கள் செய்கிற விதத்தை அப்படியே சொல்கிறேன்.

முதல் படம் தோற்றுப்போனது. அதில் தொடங்குகிறேன், ஏனென்றால் இந்த வேலையின் சூட்சுமம் எனக்கு அங்கேதான் பிடிபட்டது. ஒரு நெட்டை, ஒரு குட்டை. ஒரு நிமிடத்துக்குள் இரண்டு பேரும் பதினான்கு தடவை அடி வாங்கினார்கள். தேங்காய் விழுந்தது, ஏணி சாய்ந்தது, வாழைத்தார் வந்து மோதியது. வரையும்போது பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். வாசகசாலை ஆண்டு விழாவில் திரையில் போட்டபோது ஒருத்தரும் சிரிக்கவில்லை. முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஒரு பாட்டி என்னைக் கூப்பிட்டுச் சொன்னார்: "அடி வாங்குனவன் ஒண்ணும் நினைக்கலியே மக்கா. வலிச்சுதா இல்லியாண்ணுகூடத் தெரியலியே."

அன்று ராத்திரி படத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். பாட்டி சொன்னது சரி. தேங்காய் தலையில் விழுகிறது. அடுத்த தாளிலேயே அவன் எழுந்து ஓடிக்கொண்டிருக்கிறான். அவனுக்கு நடந்தது அவனுக்கே தெரியவில்லை என்றால், பார்க்கிறவர்களுக்கு எப்படித் தெரியும்? அடிக்கிற கையை யாரும் உற்றுப் பார்ப்பதில்லை. எல்லாருடைய கண்ணும் அடி வாங்கியவன் முகத்தில்தான் நிற்கிறது. அந்த முகத்துக்கு நேரம் கொடுப்பதுதான் இந்தக் கலை. கீழே நான் சொல்லப்போகிற பலகை, துளை, கணக்கு எல்லாமே அந்த நேரத்தைக் கொடுப்பதற்காகத்தான்.

முதலில் பழைய ஜோடிகளைப் பாருங்கள்

படம் பேசத் தொடங்கும் முன்னால் கார்ட்டூன்காரர்கள் கையில் கோடு மட்டும்தான் இருந்தது. 1908இல் பிரான்சில் எமில் கோல் சுமார் 700 படங்கள் வரைந்து, ஒவ்வொன்றையும் இரண்டு தடவை கேமராவில் பதிந்து, இரண்டு நிமிடத்துக்கும் குறைவான ஒரு படம் எடுத்தார். வெள்ளைத் தாளில் கருப்பு மையால் வரைந்து நெகட்டிவாக அச்சிட்டதால், கரும்பலகையில் சாக்பீஸ் கோடு ஓடுவது போலத் தெரியும். போனில் நிறத்தைத் தலைகீழாக மாற்றினால் நமக்கும் அதே கரும்பலகை கிடைக்கும். எங்கள் இரண்டாவது படம் அப்படி எடுத்ததுதான். அதே 1908இல்தான் நாகர்கோவில் ஒழுகினசேரியில் என். எஸ். கிருஷ்ணன் பிறந்தார். அவரும் டி. ஏ. மதுரமும் ஜோடியாக நடித்த காட்சிகளைச் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள். ஒருத்தர் செய்ததை மற்றவர் முகம் எப்படி வாங்கிக்கொள்கிறது என்று தெரியும். இந்தப் பாடத்துக்கு அதைவிட நல்ல உரை எனக்குத் தெரியாது.

நெட்டை, குட்டை ஜோடிக்கு மூலவர்கள் என்று மட், ஜெஃப் இருவரையும் சொல்லலாம். பட் ஃபிஷர் 1907இல் அமெரிக்கப் பத்திரிகையில் தொடங்கிய சித்திரத் தொடரில் மட் முதலில் வந்தான். அடுத்த வருடம் ஜெஃப் வந்து சேர்ந்தான். 1916 முதல் ராவுல் பாரேயும் சார்லஸ் பவர்ஸும் அவர்களை அசையும் படமாக்கினார்கள். பத்து வருடத்தில் 300 படம் அளவுக்கு வந்தது. மட் எப்போதும் ஒரு திட்டத்தோடு வருவான், ஜெஃப் அதற்குள் மாட்டுவான். அப்புறம் மாக்ஸ் ஃப்ளைஷரின் கோகோ என்ற கோமாளியும் ஃபிட்ஸ் என்ற நாயும். 1928இல் வந்த ஒரு படத்தில் இரண்டு பேரும் பூமியை இயக்கும் அறைக்குள் நுழைகிறார்கள். ஒரு கைப்பிடியில் 'இதை இழுத்தால் உலகம் முடிந்துவிடும்' என்று எழுதியிருக்கிறது. நாய்க்கு அதைத்தான் இழுக்க வேண்டும். கோகோ தடுக்கிறான், கெஞ்சுகிறான், மல்லுக்கட்டுகிறான். கடைசியில் நாய் இழுத்துவிடுகிறது. ஒருத்தனுக்கு அரிப்பு, ஒருத்தனுக்குப் பயம்; வேறு கதையே தேவைப்படவில்லை.

டாம் அண்ட் ஜெர்ரியைப் பிள்ளைகள் எல்லாருக்கும் தெரியும். அது 1940இல் பேசும் படக் காலத்தில் தொடங்கியது, ஆனால் அந்த இரண்டும் பெரும்பாலும் பேசாமலே பிழைத்துக்கொண்டன. மௌனப்பட ஜோடிகளின் வாரிசு என்றே நான் பிள்ளைகளிடம் சொல்வேன்.

1920களின் படங்கள் பலவும் இப்போது இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒரு எச்சரிக்கை. அந்தக் காலத்துப் படங்களில் கறுப்பின மக்களைக் கேவலமாக வரைந்த உருவங்கள் நிறைய வரும். பிள்ளைகளோடு பார்ப்பதற்கு முன் நீங்கள் பார்த்துவிடுங்கள். நாம் வரையும்போதும் ஒருத்தருடைய நிறமோ உடற்குறையோ தொழிலோ சிரிப்புக்குக் காரணமாகக் கூடாது. சிரிப்பு அவன் செய்கிற காரியத்திலிருந்து வரட்டும்.

நம் ஊரிலேயே ஒரு ஜோடி இருக்கிறது. தோல்பாவைக்கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் வந்தால் நாங்கள் சின்ன வயதில் கோயில் மைதானத்தில் தூக்கத்திலிருந்து எழுந்து உட்காருவோம். ராமாயணம் பாதியில் நிற்கும், இவர்கள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் மொத்திக்கொள்வார்கள். ஆட்டுத்தோலில் வெட்டிய தட்டையான உருவம்தான். முகபாவம் மாறவே மாறாது. ஆனாலும் அடி வாங்கிய பாவை ஒரு கணம் அப்படியே நிற்கும், அப்புறம் மெதுவாகத் திரும்பும். அந்தத் திரும்புதலில்தான் மைதானமே சிரிக்கும். நாற்பது வருடம் கழித்துப் பாட்டி சொன்னபிறகுதான் அது எனக்கு ஞாபகம் வந்தது.

இரண்டு பேரை உண்டாக்குவது

எங்கள் ஜோடியின் பெயர் கமுகு, சிரட்டை. கமுகு கமுகமரம் போல ஒல்லி, நெட்டை. சிரட்டைக்குக் கவிழ்த்த தேங்காய்ச் சிரட்டை போன்ற தலை, அதற்குக் கீழே பெயருக்கு ஒரு உடம்பு. பெயரை முதலில் வைத்ததால் உருவம் தானாக வந்தது. உங்கள் ஊரில் தினமும் கண்ணில் படுகிற இரண்டு பொருளை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்று நீளமாகவும் மற்றொன்று உருண்டையாகவும் இருந்தால் போதும்.

வரைந்ததும் இரண்டு உருவங்களையும் முழுக்கக் கருப்பாக நிரப்பிப் பாருங்கள். பாவைத் திரையில் நிழல் தெரிவது போல. கருப்பாக நிரப்பினபிறகும் எது யார், யார் எந்தப் பக்கம் பார்க்கிறார், கை எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டும். தெரியாவிட்டால் கையை உடம்பை விட்டு வெளியே எடுங்கள். இந்தச் சோதனையை நான் எந்தப் பிள்ளைக்கும் விட்டுக்கொடுப்பதில்லை.

அப்புறம் குணம். கமுகுக்கு எப்போதும் ஒரு யோசனை இருக்கும், சிரட்டைக்கு எப்போதும் பசி இருக்கும். அவ்வளவுதான் எழுதி வைத்திருக்கிறோம். இரண்டு பேரும் புத்திசாலி என்றாலோ, இரண்டு பேரும் மடையன் என்றாலோ கதை நகராது.

கைகாலுக்கு மூட்டு வேண்டாம். 1920களில் நியூயார்க் கார்ட்டூன்காரர்கள் மூட்டே இல்லாமல் ரப்பர் குழாய் மாதிரி கைகால் வரைந்தார்கள். பில் நோலன் என்பவரை இதற்கு முன்னோடி என்பார்கள். முழங்கை எந்தப் பக்கம் மடங்கும் என்று யோசிக்க வேண்டாம் என்பதால் வேகமாக வரையலாம். இதை எங்கள் பிள்ளைகளுக்கு நான் விளக்கவே வேண்டியிருக்கவில்லை. ரப்பர் மரத்தின் வெட்டுச்சாலில் காய்ந்து கிடக்கும் பாலை, அதாவது ஒட்டுப்பாலை, உரித்து இழுத்து, சுற்றிச் சுற்றிப் பந்து செய்து விளையாடுகிற பிள்ளைகள் அவர்கள். "கை ஒட்டுப்பால் மாதிரி இருக்கணும்" என்றேன், எல்லாரும் தலையாட்டினார்கள். இழுத்தால் நீளும்போது மெலியும், விட்டால் சுருங்கும்போது தடிக்கும். அதை மறக்காமல் வரைந்தால் போதும்.

பலகையும் துளையும்

படம் திரையில் நடுங்காமல் இருக்க வேண்டும் என்றால் ஒவ்வொரு தாளும் ஒரே இடத்தில் உட்கார வேண்டும். ராவுல் பாரே 1914 வாக்கில் தன் கூடத்தில் தாள்களில் துளை போட்டு, பலகையில் முளை அடித்து, அதில் தாளை மாட்டினார். இன்றும் கையால் வரைகிறவர்கள் அதைத்தான் செய்கிறார்கள்.

ஃபைலுக்குத் துளை போடும் சாதாரண பஞ்சிங் மெஷினை எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டு துளைக்கும் இடையே 8 சென்டிமீட்டர் வரும். துளையிட்ட ஒரு தாளை ஹார்டுவேர் கடைக்கே கொண்டுபோய், அதில் ஆடாமலும் கிழிக்காமலும் நுழைகிற இரண்டு போல்ட் பார்த்து வாங்குங்கள். ஒரு ரப்பர் மரப்பலகையில் 8 சென்டிமீட்டர் இடைவெளியில் துளைபோட்டு, போல்ட்டை அடியிலிருந்து ஏற்றி இறுக்கிவிட்டால் பலகை தயார். எங்கள் ஊர் ஆசாரி அரைமணி நேரத்தில் மூன்று பலகை செய்து கொடுத்தார்.

தாள் சாதாரண ஜெராக்ஸ் தாள், 75 ஜிஎஸ்எம். ஏ4 தாளைப் பாதியாக வெட்டினால் போதும். சின்னதாக வரைந்தால் பிள்ளைகள் களைப்பதில்லை. இரண்டு செங்கல் மேல் பழைய போட்டோ ஃபிரேம் கண்ணாடியை வைத்து, கீழே ஒரு எல்இடி பல்பை எரியவிட்டால் அடித்தாள் கோடு மேல்தாளில் தெரியும். கண்ணாடி விளிம்பில் மறக்காமல் டேப் ஒட்டுங்கள். எங்கள் மாவட்டத்துக்கு இரண்டு மழையும் உண்டு. இடவப்பாதி என்கிற தென்மேற்குப் பருவமழை பெய்யும்போது தாள் ஈரம் குடித்துத் துளை தளர்ந்துவிடும். ஜூன், ஜூலையில் தாள்களை முறுக்கு டின்னில் போட்டு மூடித்தான் வைப்போம்.

வரைகிற வேலையைக் குறைக்கப் பாரே கூடத்தில் செய்த இன்னொரு காரியம் இருக்கிறது. சிரட்டை அசையாமல் நிற்கிறான், கமுகு மட்டும் அசைகிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். சிரட்டையை ஒரு தாளில் ஒரே தடவை வரையுங்கள். கமுகை வரைகிற தாள்களில் சிரட்டை நிற்கும் பக்கத்தைக் கிழித்து எடுத்துவிடுங்கள். இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக முளையில் மாட்டினால் ஒரே படமாகத் தெரியும். கிழிக்கும் ஓரம் படத்தில் தெரியாமல் இருக்க மேலிருந்து பல்ப் வெளிச்சம் இரண்டு பக்கமும் சமமாக விழ வேண்டும். எட்டு வயதுப் பிள்ளைகூட ஒரு நாளில் பழகிவிடும்.

பின்னணிக்கு ஜெராக்ஸ் கடையில் கிடைக்கும் ஓஹெச்பி ஷீட், அதாவது கண்ணாடி போலத் தெரியும் பிளாஸ்டிக் தாள். மரம், வேலி, வீட்டுக் கூரை எல்லாவற்றையும் மார்க்கரால் அதில் ஒரே தடவை வரைந்து, தாள்களுக்கு மேலே மாட்டுங்கள். கண்ணாடித்தாள் முறைக்குக் காப்புரிமை கேட்டு ஏர்ல் ஹர்ட் 1914இல் விண்ணப்பித்தார். காகிதத்தில் உருவங்களை வரைந்தவர்கள் அதன் மேல் பின்னணிக் கண்ணாடித்தாளைப் போட்டு எடுத்தார்கள். பின்னணிக் கோடு உருவத்துக்கு மேலே வருவதால், ஆட்கள் நடமாடும் நடுப்பகுதியைக் காலியாக விட வேண்டியிருக்கும். பழைய படங்களில் ஒரு தரைக்கோடும் ஓரத்தில் ஒரு மரமும் மட்டும் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். காலியாக இருப்பது நல்லது, கண் ஜோடியை விட்டு நகராது.

கணக்கு

அன்று கையால் சுழற்றும் கேமரா. நொடிக்கு 16 படம் என்பது பொதுவான கணக்கு. பேசும் படம் வந்தபிறகு 24 என்று நிலைத்தது. நாம் நொடிக்கு 12 வைத்துக்கொள்வோம். ஒரு நிமிடத்துக்கு 720 படம். பயப்பட வேண்டாம், 720 வரைய வேண்டியதில்லை. நிற்கிற இடத்தில் ஒரே தாளைப் பலமுறை எடுக்கலாம், நடக்கிற இடத்தில் அதே தாள்களைச் சுற்றிச் சுற்றி எடுக்கலாம். எங்கள் மூன்றாவது படத்துக்கு மொத்தம் 163 தாள்தான் ஆனது.

நடை வரையும்போது ஜோடிக்கு ஒரு தாளம் கொடுங்கள். கமுகு இரண்டு எட்டு வைக்க 12 தாள், அதாவது ஒரு நொடி. சிரட்டைக்கு அதே இரண்டு எட்டுக்கு 6 தாள். இரண்டு பேரும் சேர்ந்து நடந்தால், கமுகின் ஒரு சுற்றுக்குள் சிரட்டை இரண்டு சுற்று ஓடி முடித்திருப்பான். நெட்டையன் பக்கத்தில் சின்னவன் தத்தித் தத்தி ஓடுகிற அழகு அதிலேயே வந்துவிடும். 18 தாளை வைத்துக்கொண்டு எத்தனை தூரம் வேண்டுமானாலும் நடக்க வைக்கலாம்.

இனி அடி. எங்கள் மூன்றாவது படத்தின் கதை இதுதான்: உயரத்தில் ஒரு சக்கை, அதாவது பலாப்பழம், தொங்குகிறது. கமுகின் தோளில் சிரட்டை ஏறுகிறான். எட்டவில்லை. கமுகின் கழுத்து ஒட்டுப்பாலாக நீள்கிறது. சிரட்டையின் விரல் சக்கையைத் தொடுகிறது, சக்கை அசையவில்லை. இறங்கி இரண்டு பேரும் திரும்பி நடக்கிறார்கள். ஒரு இலை விழுகிறது. நிற்கிறார்கள். கமுகு மெதுவாக மேலே பார்க்கிறான். சக்கை விழுகிறது.

இந்த இடத்தில் எங்கள் பட்டியலை அப்படியே தருகிறேன். இலை விழ 10 படம். இரண்டு பேரும் அசையாமல் நிற்பது 12 படம், ஒரே தாள். கமுகு தலையை நிமிர்த்த 6 படம். பார்த்துக்கொண்டே நிற்பது 8 படம். சக்கை காம்பை விட்டு நழுவுவது 2 படம். மோதுவது ஒரே ஒரு படம். அதில் உடம்பை வரையவே வேண்டாம், சுற்றிலும் கோடுகள் மட்டும் வெடிக்கட்டும். அதற்குப் பிறகு 18 படம், ஒன்றரை நொடி, ஒரே தாள்: கமுகு நிற்கிறான், தலை இருக்க வேண்டிய இடத்தில் சக்கை இருக்கிறது. எதுவும் அசையாது. சக்கையின் முள்கூட அசையாது.

இந்த 18ஐ பிள்ளைகள் குறைக்கப் பார்ப்பார்கள். "மாமா, படம் நின்னு போச்சுண்ணு நினைப்பாங்க" என்று ஒரு பிள்ளை சண்டையே போட்டது. விட்டுக்கொடுக்காதீர்கள். பார்க்கிறவர்கள் நடந்ததைப் புரிந்துகொள்ளவும், அவனுக்கு எப்படி இருக்கும் என்று நினைக்கவும், அடுத்து என்ன செய்வான் என்று எதிர்பார்க்கவும் அந்த ஒன்றரை நொடி வேண்டும். முதல் படத்தில் இந்த இடத்துக்கு நாங்கள் கொடுத்தது 1 படம். அங்கே பதினான்கு அடி இருந்தது. இங்கே மொத்தப் படத்திலும் மூன்றே அடி.

அடுத்து சிரட்டையின் முறை. அவன் கமுகைச் சுற்றி ஒரு முழு வட்டம் நடக்கிறான், 24 படம். நிற்கிறான். ஏறி நின்று, சக்கை பழுத்திருக்கிறதா என்று நம் வீடுகளில் பார்ப்பது போல விரலை மடக்கித் தட்டிக் காதை வைத்துக் கேட்கிறான். இரண்டு தட்டு, தட்டுக்கு 4 படம். கேட்பது 12 படம். உள்ளிருந்து பதிலுக்கு இரண்டு தட்டு வருகிறது. நண்பன் உள்ளே இருக்கிறான் என்பதைவிடப் பழம் பழுத்துவிட்டது என்பதில்தான் சிரட்டைக்குச் சந்தோஷம். பசி என்று நாங்கள் எழுதி வைத்த ஒரு வார்த்தை இங்கே வேலை செய்தது.

தட்டுகிற சத்தம் பேசாத படத்தில் எப்படித் தெரியும்? எழுத்தால்தான். மௌனக் காலத்தில் ஃபெலிக்ஸ் என்ற பூனை தன் தலைக்கு மேலே தோன்றும் கேள்விக்குறியைப் பிடித்து இழுத்துக் கொக்கியாகப் பயன்படுத்திக்கொள்ளும். நமக்கு அதைவிட நல்ல சாமான்கள் தமிழ் எழுத்திலேயே இருக்கின்றன. சக்கை பதில் தட்டியபோது 'டொக்' என்ற எழுத்து வெளியே வந்து விழுந்தது. சிரட்டை அந்தக் கொம்பைப் பிடுங்கித் துரட்டியாக்கினான், துணைக்காலை எடுத்துக் கமுகு கைத்தடியாக ஊன்றிக்கொண்டான். நான்காவது படத்தில் ஆய்த எழுத்தின் மூன்று புள்ளியும் கோலிக்குண்டாக உருண்டு இரண்டு பேரையும் வழுக்கி விட்டது. பிள்ளைகளிடம் எழுத்தைக் கொடுத்து 'இது என்ன சாமான்' என்று கேட்டுப் பாருங்கள். எனக்குத் தோன்றாதது எல்லாம் அவர்களுக்குத் தோன்றுகிறது.

எடுப்பது

இரண்டு ஸ்டூலுக்கு நடுவே ஒரு பலகை, பலகையில் ஒரு ஓட்டை, ஓட்டைக்கு மேலே போன் குப்புற. கீழே முளைப்பலகை தரையோடு டேப் ஒட்டி அசையாமல் இருக்கட்டும். ஸ்டாப் மோஷன் ஸ்டுடியோ என்ற செயலியின் இலவசப் பதிப்பே போதும். ஃபோகஸையும் வெளிச்சத்தையும் பூட்டி வையுங்கள். போனைத் தொட்டால் அசையும் என்பதால் நாங்கள் இயர்போன் வயரில் இருக்கும் பொத்தானை அழுத்தித்தான் எடுக்கிறோம், பல போன்களில் அது வேலை செய்யும். ஜன்னலை அடைத்துவிடுங்கள். மேகம் போகிற ஊரில் ஜன்னல் வெளிச்சத்தில் எடுத்தால் படம் மினுக்கும்.

ஒருத்தர் தாள் மாற்ற, ஒருத்தர் பட்டியலைச் சத்தமாக வாசிக்க, ஒருத்தர் பொத்தானை அழுத்த. மூன்று பேருக்கு மேல் பக்கத்தில் நிற்க வேண்டாம்.

எடுத்ததும் மூன்று இடத்தில் பிரதி வையுங்கள். இதை நான் மனதாரச் சொல்கிறேன். மலையாளத்தின் முதல் மௌனப்படமான விகதகுமாரனை எடுத்த ஜே. சி. டேனியல் தம் கடைசிக் காலத்தை எங்கள் மாவட்டத்தின் அகஸ்தீஸ்வரத்தில்தான் கழித்தார். 1975இல் அங்கேயே மறைந்தார். சொத்தை விற்று எடுத்த அந்தப் படத்தின் பிரதி இன்று கிடையாது. எங்கள் படங்கள் ஒரு பென்டிரைவிலும் இரண்டு போனிலும் இருக்கின்றன. தாள்களை வரிசை எண் போட்டுக் கட்டி வாசகசாலை அலமாரியில் வைத்திருக்கிறோம்.

காட்டுவது

படத்தில் சத்தம் சேர்க்க வேண்டாம். அந்தக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் பியானோவோ ஆர்கனோ வாசித்தார்கள். எங்களிடம் வில்லுப்பாட்டுக் குடம் இருக்கிறது. குடம் அடிக்கும் அண்ணன் ஒருவரைத் திரை தெரியும்படி உட்கார வைத்தோம். சிரட்டையின் நடைக்கு இரண்டு தேங்காய்ச் சிரட்டையை ஒரு பிள்ளை தட்டினாள். அண்ணனிடம் நான் கேட்டுக்கொண்டது ஒன்றுதான்: சக்கை விழும்போது ஒரு அடி அடியுங்கள், பிறகு அந்த ஒன்றரை நொடி கையைக் குடத்தின் மேலேயே வைத்துக்கொள்ளுங்கள், தொங்கும் ஓசைகூட வேண்டாம். அவருக்கு அது நன்றாகப் புரிந்தது. பாட்டில் எங்கே நிறுத்த வேண்டும் என்று தெரிந்தவர் அவர்.

வெள்ளை வேட்டிதான் திரை. புரொஜெக்டர் கடன் வாங்கியது. நீங்கள் படம் போடும்போது திரையைப் பார்க்காதீர்கள். திரைக்குப் பக்கத்தில் நின்று ஜனங்களைப் பாருங்கள். கையில் ஒரு தாள் வைத்து, யார் எந்த நொடியில் சிரித்தார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். அடுத்த படத்துக்கு உதவுவது அந்தத் தாள்தான்.

நான் குறித்தது இப்படி இருந்தது. சக்கை விழுந்தபோது பிள்ளைகள் மட்டும் சிரித்தார்கள். கமுகு அசையாமல் நின்றபோது பின்வரிசை ஆண்கள் சிரித்தார்கள். 38ஆவது நொடியில் சிரட்டை தட்டிப் பார்த்துக் காதை வைத்ததும், உள்ளிருந்து பதில் வருவதற்கு முன்பே, முன்வரிசைப் பாட்டி சிரிக்கத் தொடங்கிவிட்டார். அவர் சிரித்ததைப் பார்த்து மற்றவர்களும் சிரிக்க, பதில் தட்டு யார் கண்ணிலும் படாமலே போனது. அடுத்த ஞாயிறு அந்தக் கேட்கும் இடத்தில் ஆறு படம் கூட்டி, 12ஐ 18 ஆக்கி, பாட்டியைக் கூப்பிட்டு வந்து மறுபடி போட்டோம்.